பொதுக் காரணியை வெளியே எடுத்தல்: கேள்வி பதில்

இயற்கணிதக் கோவைகளிலிருந்து மீப்பெரு பொதுக் காரணியை வெளியே எடுப்பது பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே விடையளிக்கிறேன். மாறிகளை க, ச, ப, ம என்று தமிழ் எழுத்துகளாலேயே குறித்திருக்கிறேன்.

கேள்வி (எட்டாம் வகுப்பு மாணவி): ஐயா, 12க³ச² − 18க²ச³ + 6க²ச² என்ற கோவையில் க-வின் மிகச் சிறிய அடுக்கை எடுக்கச் சொல்கிறார்கள். "மீப்பெரு" என்றால் பெரிய அடுக்கைத்தானே எடுக்க வேண்டும்?

பதில்: பொதுக் காரணி என்பது எல்லா உறுப்புகளையும் மீதியின்றி வகுக்க வேண்டும். க³ முதல் உறுப்பை வகுக்கும். ஆனால் மற்ற இரண்டிலும் க இரண்டு முறைதான் பெருக்கப்பட்டிருப்பதால், அவற்றிலிருந்து மூன்று முறை எடுக்க வழியில்லை. எனவே மூன்றுக்கும் பொதுவாக இருக்கக்கூடியவற்றுள் மிகப் பெரியது க²-தான். ச-வுக்கும் இதே முறையில் ச² கிடைக்கும். கெழுக்களான, அதாவது மாறிகளோடு பெருக்கப்பட்டிருக்கும் எண்களான 12, 18, 6 ஆகியவற்றின் மீப்பெரு பொதுக் காரணி 6. ஆகவே விடை 6க²ச²(2க − 3ச + 1).

கேள்வி (அதே மாணவி): கடைசி உறுப்பு முழுவதும் வெளியே வந்துவிட்டதே, அடைப்புக்குறிக்குள் 1 எப்படி வந்தது?

பதில்: வெளியே எடுப்பது என்றால் வகுப்பது. 6க²ச²-ஐ அதே 6க²ச²-ஆல் வகுத்தால் ஈவு 1. அங்கே 0 வராது. அந்த 1-ஐ விட்டுவிட்டு மறுபடி பெருக்கிப் பாருங்கள்: இரண்டு உறுப்புகள்தான் திரும்பி வரும், மூன்றாவது காணாமல் போயிருக்கும். விடை எழுதியதும் மனத்துக்குள்ளாவது ஒருமுறை பெருக்கிச் சரிபார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள்.

கேள்வி (போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்): 391க² − 299க போன்ற எண்கள் வந்தால் பகா காரணிகளைத் தேடுவதிலேயே நேரம் போய்விடுகிறது. விரைவான வழி உண்டா?

பதில்: யூக்ளிடின் வகுத்தல் முறையைப் பயன்படுத்துங்கள். 391-ஐ 299-ஆல் வகுத்தால் மீதி 92. 299-ஐ 92-ஆல் வகுத்தால் மீதி 23. 92-ஐ 23-ஆல் வகுத்தால் மீதி இல்லை. கடைசியாகக் கிடைத்த சுழியல்லாத மீதியான 23-தான் நாம் தேடியது. விடை 23க(17க − 13). ஒரு காரணியைக்கூட ஊகிக்காமல் மூன்றே வகுத்தல்களில் இது முடிகிறது. கி.பி. 499-இல் ஆரியபட்டர் எழுதிய ஆரியபட்டீயத்தில் உள்ள, சமன்பாடுகளுக்கு முழு எண் தீர்வு காணும் குட்டக முறையும் இப்படித் தொடர்ந்து வகுத்துச் செல்வதையே அடிப்படையாகக் கொண்டது.

கேள்வி: க(ப − ம) + ச(ம − ப) என்பதில் பொதுவாக எதுவும் தெரியவில்லையே?

பதில்: (ம − ப) என்பதை −(ப − ம) என்று எழுதுங்கள், (ப − ம)(க − ச) என்று முடிந்துவிடும். ஓர் அடைப்புக்குறி முழுவதுமே பொதுக் காரணியாக இருக்கலாம்.

கேள்வி (பத்தாம் வகுப்பு மாணவர்): க² = 5க என்ற சமன்பாட்டை இருபுறமும் க-வால் வகுத்து க = 5 என்று எழுதினேன். பாதி மதிப்பெண்தான் கிடைத்தது. ஏன்?

பதில்: தம்பி, க = 0 என்று இட்டுப் பாருங்கள்: இருபுறமும் 0 வருகிறது, ஆகவே அதுவும் ஒரு தீர்வு. க-வால் வகுத்த அந்தக் கணமே, க சுழியாக இருக்காது என்று சொல்லாமலே முடிவு செய்துவிட்டீர்கள். அதனால் ஒரு தீர்வு தொலைந்தது. அதற்குப் பதிலாக எல்லாவற்றையும் ஒருபுறம் கொண்டுவந்து க² − 5க = 0 என்று எழுதி, க(க − 5) = 0 என்று பொதுக் காரணியை வெளியே எடுங்கள். இரண்டு மெய்யெண்களின் பெருக்கற்பலன் சுழி என்றால், அவற்றில் ஒன்றாவது சுழியாக இருந்தே ஆக வேண்டும்; எனவே க = 0 அல்லது க = 5. (இந்த விதி எல்லா எண் அமைப்புகளுக்கும் பொருந்தாது என்பதையும் சொல்லிவைக்கிறேன்: நீங்கள் படிக்கும் மட்டு எண்கணிதத்தில், மட்டு 12-இன்படி, அதாவது 12-ஆல் வகுத்த மீதியை மட்டும் கணக்கில் கொண்டால், 3 × 4 என்பதே 0-க்குச் சமம்.) வகுத்து நீக்குவதும் வெளியே எடுத்து வைப்பதும் தாளில் ஒன்றுபோலத் தோன்றினாலும், இரண்டாவதில் காரணி கண்முன்னே நிற்கிறது. மாணவர்கள் மதிப்பெண் இழக்கும் இடங்களில் என்னை மிகவும் வருந்த வைப்பது இதுதான், ஏனெனில் அவர்களுக்குக் கணக்கு தெரிந்தே இருக்கிறது.

கேள்வி: கெழுக்கள் பின்னமாக இருந்தால்?

பதில்: உள்ளே முழு எண்கள் வரும்படி எடுப்பது நல்லது: ½க² + ¾க = ¼க(2க + 3).

கேள்வி (ஒரு தந்தை): என் மகளுக்கு இதைக் கற்றுத்தருகிறேன். தேர்வைத் தவிர இதனால் என்ன பயன் என்று கேட்கிறாள்.

பதில்: முதலில் 37 × 48 + 37 × 52 என்பதைத் தாளில்லாமல் சொல்லச் சொல்லுங்கள், 37-ஐ வெளியே எடுத்தால் உள்ளே 100, விடை 3700. பிறகு, ம எந்த முழு எண்ணாக இருந்தாலும் ம³ − ம என்பது 6-ஆல் மீதியின்றி வகுபடும் என்று சொல்லி, சில எண்களை இட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். ஏன் என்று அவளே கேட்பாள். ம-வை வெளியே எடுத்தால் ம(ம² − 1), அதாவது (ம − 1)ம(ம + 1). இவை அடுத்தடுத்த மூன்று முழு எண்கள். அவற்றில் ஒன்றாவது இரட்டை எண், ஒன்று கட்டாயம் 3-இன் மடங்கு. கழித்தலாக இருந்தவரை கண்ணுக்குத் தெரியாத இந்தக் காரணம், பெருக்கலாக மாற்றி எழுதியவுடன் தெரிந்துவிடுகிறது.