32 வயதுக்கு மேல் நடிக்க வருவது தாமதமா?

கேள்வியின் தொனியைப் பார்த்தால் யாரோ உங்களிடம் ஏற்கனவே "வயசாயிடுச்சு" என்று சொல்லிவிட்டார்கள் போலிருக்கிறது. எனக்கும் சொன்னார்கள். முப்பதைத் தாண்டிய சமயத்தில் ஒரு நாடகக் குழுவில் வாய்ப்புக் கேட்டுப் போனேன். பெயர் வேண்டாம். மனப்பாடம் செய்துகொண்டு போன வசனத்தை இயக்குநர் கேட்கவே இல்லை. முகத்தை இந்தப் பக்கம், அந்தப் பக்கம் திருப்பச் சொல்லிவிட்டு, "அப்பா வேஷம் வந்தா கூப்பிடறேன்" என்றார். வெளியே வரிசையில் நின்ற பையன் ஒருவன், "உங்க பையன் உள்ள இருக்கானா சார்?" என்று கேட்டான்.

ரஷ்ய நடிகர் இன்னொகெந்தி ஸ்மோக்துனோவ்ஸ்கியைப் பற்றி அதற்கப்புறம்தான் படித்தேன். 1925இல் சைபீரியாவில் பிறந்தவர். போரில் ஜெர்மானியரிடம் பிடிபட்டுத் தப்பியவர். சோவியத் நாட்டில் அப்படிப் பிடிபட்டவன் மேல் சந்தேகம் ஒட்டிக்கொண்டே இருக்கும். வட துருவ வட்டத்துக்கு அப்பால் நொரில்ஸ்க் நகர நாடக அரங்கில் வருடக்கணக்கில் நடித்தார். சிறைமுகாமில் இருந்துவிட்டு தண்டனையாக அங்கே அனுப்பப்பட்டிருந்த ஷ்ஷோனவ் என்ற நடிகர்தான் "பெரிய ஊருக்குப் போ" என்று அவரைத் தூண்டியவர்.

1957 கடைசியில் லெனின்கிராடில் தவ்ஸ்தனோகவ் இயக்கிய நாடகத்தில், தஸ்தயேவ்ஸ்கியின் "அசடன்" நாவலின் நாயகன் இளவரசர் மிஷ்கினாக மேடையேறினார். அப்போது அவருக்கு வயது 32. ஊரே திரும்பிப் பார்த்தது. 1964இல் கோஸின்த்ஸெவ் இயக்கிய ஷேக்ஸ்பியர் படத்தில் ஹாம்லெட். "இருப்பதா, இல்லாமல் போவதா" என்ற அந்தப் புகழ்பெற்ற தனிமொழியில் கடலோரப் பாறைகளுக்கிடையே நடக்கிறார். உதடு அசையாது, குரல் மட்டும் மனதுக்குள்ளிருந்து வரும். இரண்டு வருடம் கழித்து ஒரு நகைச்சுவைப் படத்தில் அப்பாவிக் கார் திருடன். அவரைத் துரத்தும் போக்குவரத்துப் போலீஸ்காரர் யார் தெரியுமா? அதே ஷ்ஷோனவ்!

"எல்லாரும் அவர் ஆகிட முடியுமா?" என்று பின்னூட்டம் போட ஓடிவருபவர்களுக்கு: முடியாது. நானும் ஆகவில்லை, உள்ளூர் மேடைகளில் மாமனாராகத்தான் நடிக்கிறேன். இன்னொன்று, அவர் 32இல் தொடங்கவில்லை. அதற்கு முன்பே பத்து வருடம் மேடையில் உழைத்தவர். நீங்கள் அலுவலகத்தில் இருந்துகொண்டு திடீரென்று முடிவெடுத்தவர் என்றால் உங்கள் கணக்கு வேறு.

ஐம்பதைத் தாண்டிய கதாநாயகன் கல்லூரி மாணவனாக வரும்போது மட்டும் இங்கே யாரும் வயதைப் பற்றி வாய் திறப்பதில்லை. அப்புறம், "முதலில் போட்டோ ஆல்பம் எடுக்கணும், பணம் கட்டுங்க" என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து வந்துவிடுங்கள். என் நண்பர் ஒருவர் கட்டினார், ஆல்பம் மட்டும் வீட்டில் இருக்கிறது.