காதலா, கடமையா?

கேள்வி: அப்பா இல்லை. அம்மா, இரண்டு தங்கைகள், ஒன்பது மா (சுமார் மூன்று ஏக்கர்) பூர்வீக நிலம், கூட்டுறவு சங்கத்தில் பயிர்க்கடன். கல்லூரியில் ஒரு பெண்ணைக் காதலித்தேன். தங்கைகளுக்குப் பவுன் சேர்த்துக் கரையேற்றும்வரை காத்திருக்கச் சொன்னேன். ஐந்து வருஷம் ஆகிவிட்டது. இப்போது அவளுக்குத் தஞ்சாவூரில் வரன் பார்க்கிறார்கள். காதலா, கடமையா? எதை விடுவது?
– பெயர் வேண்டாம், மன்னார்குடி வட்டம்

பதில்: பயிர்க்கடன் வரைக்கும் எழுதிய நீங்கள், அந்தப் பெண் என்ன படித்தாள், இப்போது என்ன செய்கிறாள் என்று ஒரு வரி எழுதவில்லை. அவளைப் பற்றி அம்மாவிடம் சொன்னதாகவும் எங்கும் இல்லை. சொல்லவே இல்லை, அப்படித்தானே?

தங்கைகளுக்கு வருவோம். அப்பா உயில் எழுதி வைக்கவில்லை என்றால், அந்த ஒன்பது மாவில் அவர்களுக்கும் பங்கு உண்டு. பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான உரிமை என்று தமிழ்நாடு 1989-லேயே சட்டம் போட்டாயிற்று. அவர்கள் பங்கு விளைச்சலை அவர்களுக்கே செலவழித்துவிட்டு, அதற்குத் தியாகம் என்று பெயர் வைக்காதீர்கள். அப்புறம் அந்தப் பவுன். மாப்பிள்ளை வீட்டார் கேட்டு நீங்கள் கொடுப்பதென்றால் 1961-ஆம் வருஷ வரதட்சணைத் தடுப்புச் சட்டப்படி இரு தரப்புக்கும் அது குற்றம். அதைச் சேர்த்து முடிக்கும்வரை ஒரு பெண் வீட்டில் பொய் சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டுமா?

அண்ணன் முந்திக்கொண்டால் தங்கைக்கு வரன் அமையாது என்று ஊரில் சொல்வார்கள்தான். தங்கைகள் அப்படிச் சொன்னார்களா? கேட்டுப் பாருங்கள். அண்ணி வந்தால் கல்யாண வேலைக்கு ஒரு கை கூடும் என்றுகூடச் சொல்லக்கூடும்.

குறுவைச் சாகுபடிக்கு ஜூன் 12-ல் மேட்டூர் அணை திறக்க வேண்டும். பல வருஷம் அந்தத் தேதியில் திறந்ததில்லை. ஆனாலும் தேதி என்று ஒன்று இருப்பதால், நாற்று விடுவதா, சம்பாவோடு நிறுத்திக்கொள்வதா என்று விவசாயி ஒரு முடிவுக்கு வருகிறான். நீங்கள் அவளுக்கு அப்படி ஒரு தேதியைக்கூடச் சொல்லவில்லை.

எனவே இந்த வாரமே அம்மாவிடம் பேசுங்கள். அழுவார், சாப்பிடமாட்டார்; இரண்டு நாள் பொறுத்துக்கொள்ளுங்கள். அப்புறம் பெரியவர் ஒருவரை அழைத்துக்கொண்டு அவள் வீட்டுக்குப் போய்ப் பெண் கேளுங்கள். தங்கைகள் கல்யாணத்தை அதற்குப் பிறகும் நடத்தலாம், யாரும் தடுக்கப் போவதில்லை.

அதற்குத் தைரியம் இல்லையா? சரி, அவளுக்குப் போன் போட்டு "எனக்காகக் காத்திருக்காதே" என்று உங்கள் வாயால் சொல்லிவிடுங்கள். "நீயே முடிவு பண்ணிக்கோ" என்று மட்டும் சொல்லாதீர்கள். தஞ்சாவூர் மாப்பிள்ளை நல்லவராகவும் இருக்கலாம்.