வாசகர் கேள்வி – பதில்: டாங்டுட்

கேள்வி: இந்தோனேசியாவின் டாங்டுட் பாடல்களைக் கேட்கும்போது பழைய இந்தித் திரைப்பாடல்களின் சாயல் தெரிகிறது. அதை வெறும் நகல் என்று சொல்லலாமா?

பதில்: சாயல் உண்மை; நகல் என்பது சரியன்று. 1950, 60களில் இந்தித் திரைப்படங்கள் அந்நாட்டுத் திரையரங்குகளில் மிகுந்த வரவேற்பைப் பெற்றன. ஏற்கெனவே அரபு இசையின் நெளிவுகளை உள்வாங்கியிருந்த மலாய் இசைக்குழுக்கள், அப்படப் பாடல்களின் மெட்டுகளையும் தபலா ஓசையையும் சேர்த்துக்கொண்டன. தபலாவைப் போல ஒலிக்கும் கெண்டாங் என்னும் இரட்டை முழவே இந்த இசையின் உயிர். நான்கடித் தாளத்தின் கடைசி அடியில் "டாங்" என்று கணீரென ஒலித்து, அடுத்த சுற்றின் முதல் அடியில் "டுட்" என்று குழைந்து இறங்கும் அந்த ஓசையிலிருந்துதான் பெயரே பிறந்தது. மேல்தட்டினர் ஏளனமாக வைத்த பெயர் அது. அதையே பெருமையாக ஏற்றுப் பாட்டாக்கியவர் ரோமா இராமா.

1946இல் மேற்கு ஜாவாவின் தாசிக்மலாயாவில் பிறந்த ரோமா, டீப் பர்ப்பிள் குழுவின் ராக் இசையில் தோய்ந்தவர். தம்முடைய சோனெத்தா குழுவில் புல்லாங்குழலுக்கும் கெண்டாங்குக்கும் நடுவே மின்கிதாரை முழங்கவிட்டு, ஏழைகளின் துயரையும் சமய அறத்தையும் எல்லோருக்கும் புரியும் எளிய இந்தோனேசிய மொழியில் பாடினார். 1977 தேர்தலில் ஆளுங்கட்சிக்கு எதிரணியில் நின்று பிரசாரம் செய்ததால், அரசுத் தொலைக்காட்சி அவருக்குப் பத்தாண்டுகளுக்கும் மேலாகக் கதவடைத்தது. அப்போதும் மக்கள் அவரைக் கைவிடவில்லை. இரவல் மெட்டுக்கு இத்தகைய பற்று கிடைத்திருக்கும் என்று என்னால் நம்ப முடியவில்லை.

கேள்வி: இன்றைய இளைஞர்களும் இதைக் கேட்கிறார்களா?

பதில்: கேட்கிறார்கள், ஆனால் அவர்கள் பெரிதும் விரும்புவது கிழக்கு ஜாவாவில் வளர்ந்த கோப்லோ என்னும் விரைவுநடை வகையை. ஊர்த் திருமண மேடைகளில், பாடிக்கொண்டிருக்கும் பாடகியிடம் விருந்தினர்கள் ஆடியபடியே வந்து ரூபியா நோட்டுகளை ஒவ்வொன்றாக நீட்டுவார்கள். சவேரான் எனப்படும் இவ்வழக்கம் டாங்டுட் மேடைகளில் இன்றும் உண்டு. கிழக்கு ஜாவாவின் இனுல் டாரதிஸ்தா 2003இல் ஆடிய சுழல் நடனத்தை ரோமாவே கடுமையாகக் கண்டித்தார். அன்று இனுலின் பக்கம் நின்ற ரசிகர்களின் நியாயமே எனக்குப் பெரிதாகத் தெரிகிறது; மேடையில் பிழைக்கும் பெண்ணின் ஆட்டத்துக்கு எல்லை வகுக்கும் உரிமை மூத்த கலைஞருக்குக்கூட இல்லை.

கோப்லோ மேடைகளில் வளர்ந்த வியா வாலன்தான் 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியின் அதிகாரபூர்வப் பாடலைப் பாடினார். 2022 ஆகஸ்ட் 17 அன்று, ஜகார்த்தா மெர்டேகா அரண்மனையில் நடந்த சுதந்திர நாள் விழாவில், 12 வயதுச் சிறுவன் ஒருவன் "ஒப்பிடாதே" என்று பொருள்படும் ஜாவானிய மொழிக் காதல் பாட்டைப் பாட, அதிபர் ஜோக்கோ விடோடோவின் முன்னிலையில் அமைச்சர்கள் எழுந்து ஆடினார்கள்.