ஆதரவு வாபஸ் கடிதம் மட்டும் ஆட்சியைக் கவிழ்க்காது

கேள்வி: போட்டித் தேர்வுக்குப் படிக்கிறேன். 2024 தேர்தலில் பா.ஜ.க.வுக்கு 240 இடங்கள்தான். தெலுங்கு தேசமோ ஐக்கிய ஜனதா தளமோ ஆதரவை வாபஸ் வாங்கினால் அன்றைக்கே ஆட்சி போய்விடுமா? 1999-இல் அப்படித்தானே நடந்தது? இப்படித்தான் ஓட்டுப் போட வேண்டும் என்று கட்சி இடும் கொறடா உத்தரவை மீறிப் போட்ட ஓட்டு செல்லுமா?

பதில்: அன்றைக்கே போகாது. 1999-இலும் போகவில்லை. ஏப்ரல் 14 அன்று ஜெயலலிதா குடியரசுத் தலைவர் கே.ஆர். நாராயணனிடம் ஆதரவு வாபஸ் கடிதம் கொடுத்தார். வாஜ்பாய் அரசு தோற்றது ஏப்ரல் 17 அன்று. நடுவில் இருந்த அந்த மூன்று நாளில்தான் உங்கள் கேள்விக்கான விடை இருக்கிறது. கடிதம் வந்ததும் "மக்களவையில் பெரும்பான்மையைக் காட்டுங்கள்" என்றுதான் குடியரசுத் தலைவர் பிரதமரிடம் சொன்னார். அமைச்சரவை மக்களவைக்குக் கூட்டாகப் பொறுப்பு என்கிறது அரசமைப்பின் 75(3). எனவே கணக்குத் தீர்க்க வேண்டிய இடம் அவைதான்.

கடிதம் கொடுத்தும் ஆட்சி நீடித்ததற்கு இரண்டு உதாரணங்கள் போதும். 2008 ஜூலையில் அணுசக்தி ஒப்பந்தத்தை எதிர்த்து இடதுசாரிகள் விலகினார்கள். சமாஜ்வாதி கைகொடுக்க, மன்மோகன் சிங் 275-256 என்று வென்றார். 2013 மார்ச்சில் இலங்கைப் பிரச்சினையில் 18 உறுப்பினர்களோடு தி.மு.க. வெளியேறியபோது வாக்கெடுப்பே நடக்கவில்லை. வெளியிலிருந்து ஆதரவு கொடுத்த கட்சிகள் தாங்கிப் பிடித்தன.

அடுத்தது, தேர்வில் பலரும் குழப்பிக்கொள்ளும் இடம். நம்பிக்கையில்லாத் தீர்மானம் எதிர்க்கட்சி கொண்டுவருவது. மக்களவை விதி 198-இன்படி அன்று காலை 10 மணிக்குள் நோட்டீஸ் தர வேண்டும். அவையில் 50 பேர் எழுந்து நின்று ஆதரிக்க வேண்டும். அனுமதி கிடைத்த 10 நாளுக்குள் விவாதம். நம்பிக்கைத் தீர்மானம் பிரதமரே கொண்டுவருவது; அதற்கென்று தனி விதி கிடையாது. வேடிக்கை என்னவென்றால், நம்பிக்கையில்லாத் தீர்மானத்தின் மீது ஓட்டெடுத்து மத்தியில் எந்த அரசும் கவிழ்ந்ததில்லை. 1979-இல் மொரார்ஜி தேசாய் ஓட்டெடுப்புக்கு முன்பே ராஜினாமா செய்துவிட்டார். வி.பி. சிங் (1990), தேவெ கௌடா (1997), வாஜ்பாய் (1999) மூவருமே தாங்களே கொண்டுவந்த நம்பிக்கைத் தீர்மானத்தில் தோற்றவர்கள்.

272 என்ற எண்ணையும் மந்திரம்போல் பிடித்துக்கொள்ள வேண்டாம். அது 543 பேரும் வந்து ஓட்டுப் போட்டால் தேவைப்படும் எண். அரசமைப்பின் 100-ஆவது பிரிவு கேட்பது, அவையில் இருந்து ஓட்டளித்தவர்களில் பெரும்பான்மை மட்டுமே. ஒருவர் வராமலோ ஒதுங்கியோ இருந்தால் வித்தியாசத்தில் ஒன்று நகரும். அணி மாறிப் போட்டால் இரண்டு நகரும். ஆட்சியைக் காப்பாற்ற அலைகிறவர்கள் "நீங்கள் ஆதரிக்க வேண்டாம், வராமல் இருந்தால் போதும்" என்று சின்னக் கட்சிகளிடம் பேசுவது இதனால்தான்.

இந்தக் கணக்கை 1999-இல் வாஜ்பாய் அரசு தோற்ற 269-270 மீது வைத்துப் பாருங்கள். ஒதுங்கி நிற்பார்கள் என்று ஆளும் தரப்பு நம்பியிருந்த பகுஜன் சமாஜ் ஐவரும் எதிர்த்துப் போட்டார்கள். தேசிய மாநாட்டுக் கட்சியின் சைபுதீன் சோஸ் கொறடா உத்தரவை மீறி எதிர்த்தார். அவர் ஒருவர் கட்சி சொன்னபடி போட்டிருந்தால் 270-269, அரசு தப்பியிருக்கும். காங்கிரசின் கிரிதர் கமாங் பிப்ரவரியிலேயே ஒரிசா முதல்வர் ஆகிவிட்டவர். ஆனால் சட்டமன்ற உறுப்பினர் ஆகவில்லை. அதற்கு ஆறு மாத அவகாசம் இருந்தது. இரண்டு அவைகளில் உறுப்பினராக இருப்பதற்குத்தான் தடை, ஆகவே மக்களவை இடம் அவரிடமே இருந்தது. ஓட்டுப் போடுவதா என்பதை அவர் மனசாட்சிக்கே விட்டார் சபாநாயகர் பாலயோகி. கமாங் வராமல் இருந்திருந்தால் 269-269. அப்போது, ஓட்டு சமமானால் மட்டும் சபாநாயகர் போடும் தீர்மான வாக்கு வந்திருக்கும். பாலயோகி தெலுங்கு தேசத்துக்காரர், அந்தக் கட்சி அன்று அரசின் பக்கம்.

சோஸ் போட்ட ஓட்டு செல்லுமா? செல்லும். கொறடா உத்தரவை மீறினால் பறிபோவது உறுப்பினர் பதவி. போட்ட ஓட்டு எண்ணிக்கையிலிருந்து கழியாது. கட்சி 15 நாளுக்குள் மன்னித்துவிட்டால் பதவியும் தப்பும். வராமல் இருப்பதும் மீறல்தான் என்பதை மறக்க வேண்டாம். கட்சி உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்கு பிரிந்தால் பதவி தப்பலாம் என்ற பழைய வழியை அரசமைப்பின் 91-ஆவது திருத்தம் அடைத்துவிட்டது. இப்போது மூன்றில் இரண்டு பங்கு உறுப்பினர்கள் ஏற்கும், வேறு கட்சியோடான இணைப்பு வேண்டும்: 16 பேர் உள்ள கட்சியில் 11, 12 பேர் உள்ள கட்சியில் 8.

ஓட்டெடுப்பைத் தொலைக்காட்சியில் பார்க்கும்போது ஒரு எச்சரிக்கை. மணி மூன்றரை நிமிடம் அடிக்கும், பிறகு கதவுகள் மூடப்படும். அதன்பின் அவையின் மின்னணுப் பலகையில் வரும் எண் இறுதியானதல்ல. பொத்தான் சரியாகப் பதியாதவர்கள் சீட்டில் எழுதிக் கொடுப்பார்கள். 2024 டிசம்பரில் 'ஒரே நாடு ஒரே தேர்தல்' மசோதா அறிமுகத்தின்போது பலகை காட்டியது 220-149. சீட்டுகளைச் சேர்த்ததும் 269-198.

இனி 2024 கணக்கு. தேர்தல் முடிவின்படி கூட்டணிக்கு 293. தெலுங்கு தேசத்தின் 16 மட்டும் போனால் 277, ஐக்கிய ஜனதா தளத்தின் 12 மட்டும் போனால் 281. இரண்டிலும் அரசு நிற்கும். இரண்டும் சேர்ந்து போனால் 265. முழு அவை வந்தால் ஏழு குறையும், அந்த ஏழை வேறு கட்சிகளிடம் தேட வேண்டியிருக்கும்.

தோற்ற பிறகும் நாற்காலி உடனே காலியாவதில்லை. 1999-இல் 272 பேர் ஆதரவு இருப்பதாக சோனியா காந்தி சொன்னார், முலாயம் சிங் மறுத்துவிட்டார், மாற்று அரசு அமையவில்லை. ஏப்ரல் 26 அன்று மக்களவை கலைக்கப்பட்டது. காபந்துப் பிரதமராக வாஜ்பாய் அக்டோபர் வரை தொடர்ந்தார். கார்கில் போர் நடந்தது அந்த இடைவெளியில்தான்.