கதைக் கேள்விகள்: சொன்னால் காலம் மாறுமா?

கேள்வி: நான் எழுதும் கதையில் ஒரு நாடு வருகிறது. அங்கே சட்டத்தை யாரும் எழுதுவதில்லை. மன்றத்தின் படியில் நின்று உரக்கச் சொல்வார்கள். சொன்னபடி காலம் மாறிவிடும். "நேற்று நடக்கவில்லை" என்று சொன்னால் நேற்று இல்லாமல் போய்விடும். எதையும் இப்படி மாற்றலாம் என்றால் கதையில் சிக்கலே இருக்காதே என்கிறார்கள் தோழிகள். இது நமக்கு ஒட்டாத கற்பனையா?
– பல்கலைக்கழக மாணவி, வெள்ளவத்தை

பதில்: நன்றாகவே ஒட்டும். நளாயினி கதையை நினைத்துப் பாருங்கள். கணவனைக் கூடையில் சுமந்துகொண்டு இருட்டில் போகிறாள். கழுவில் கிடக்கும் மாண்டவ்ய முனிவர்மேல் கூடை இடித்துவிடுகிறது. "பொழுது விடியும்போது இவன் இறப்பான்" என்கிறார் முனிவர். "அப்படியானால் பொழுதே விடியாது" என்கிறாள் அவள். விடியவில்லை.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. முனிவரின் சொல்லை அவள் அழிக்கவில்லை, அவளால் அழிக்கவும் முடியாது. அந்தச் சொல் பலிப்பதற்கு ஒரு விடியல் தேவை. அதைத்தான் தடுத்து வைக்கிறாள். நம் புராணங்களில் சாபத்தை இட்டவரே நினைத்தாலும் திரும்பப் பெற முடியாது. விமோசனத்துக்கு ஒரு வழி சொல்லலாம், அவ்வளவுதான். இந்த விதியை உங்கள் நாட்டுக்கும் வைத்துவிடுங்கள். சொன்ன சட்டத்தை யாரும் அழிக்க முடியாது. அதன் பக்கத்தில் இன்னொரு சட்டத்தைத்தான் சொல்ல முடியும். தோழிகள் தேடும் சிக்கல் அங்கேயே வந்துவிடும்.

ஆனால் உங்கள் கதையில் எனக்கு இதைவிட முக்கியமாகப் படுவது வேறு. அந்தக் குரல் எவ்வளவு தூரம் கேட்கும்?

நீங்கள் பிறப்பதற்கு முன் நம் தீவிலேயே இது நடந்தது. 1996இல் மழை பொய்த்து, நீர்மின்சாரம் குறைந்து, கொழும்பில் மணிக்கணக்கில் மின்வெட்டு. மே 25ஆம் திகதி அரசாங்கம் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது. ஒக்டோபரில் அதில் அரை மணியைத் திருப்பிக் கொடுத்தது. மிச்ச அரை மணி 2006 ஏப்ரல் வரை எங்களோடேயே இருந்தது. நான் அப்போது புறக்கோட்டைக் கடையொன்றில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தேன். கடைக்குப் புது நேரம். வீட்டில் அம்மம்மா குசினிக் கடிகாரத்தைத் தொடவே விடவில்லை. சூரியனை வைத்துக் கணித்த இராகுகாலத்தை அரசாங்கம் எப்படித் தள்ளும் என்பது அவர் கேள்வி. நியாயமான கேள்விதான். எங்கள் வீட்டில் யாராவது நேரம் சொன்னால், "பழையதா, புதுசா?" என்று கேட்காமல் நம்பமாட்டோம்.

வன்னியில் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் அந்த மாற்றத்தை ஏற்கவே இல்லை. 2002இல் ஏ9 பாதை திறந்தபோது, வவுனியாவிலிருந்து வடக்கே போகிறவர்கள் ஓமந்தையைத் தாண்டியதும் கைக்கடிகாரத்தை அரை மணி பின்னுக்கு வைத்தார்கள். ஒரே வெயில், ஒரே பாதை, இரண்டு நேரம். கொழும்பில் சொன்ன சட்டம் எதுவரை செல்லும் என்பதைக் கைக்கடிகாரமே காட்டியது.

ஆகவே மன்றப் படியில் நிற்பவரை விட்டுவிட்டு, அந்தக் குரல் சென்று முடியும் இடத்துக்குப் போங்கள். அங்கே குடியிருப்பவர்கள் யார்? கடலுக்குப் போன மீனவர் திரும்பி வரும்போது அவருடைய நேற்று கையில் இருக்கிறது, மனைவியிடம் இல்லை. இருவரும் என்ன பேசிக்கொள்வார்கள்? இன்னொன்றையும் விட்டுவிடாதீர்கள்: எந்த மொழியில் சொல்கிறார்கள்? 1956இல் சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கிய நாட்டில் இருந்துகொண்டு இதைக் கேட்காமல் எழுத முடியாது. காதில் விழுந்தும் புரியாதவருக்கு அந்தச் சட்டம் பலிக்குமா? பலிக்கும் என்று நீங்கள் முடிவு செய்தால், தன் வாழ்க்கையில் எந்த நாள் போனது என்றே தெரியாமல் ஒரு கூட்டம் அந்த ஊரில் நடமாடும். நான் அவர்களில் ஒருவரைத்தான் நாயகியாக வைப்பேன்.

கேள்வி: கதையில் சட்டம் போட்டு ஒரு கிழமை நாளையே எடுத்துவிட்டால் வாசகர் நம்புவாரா?
– வாசகர், கொட்டாஞ்சேனை

பதில்: தாராளமாக நம்புவார். 1966 முதல் 1971 வரை இலங்கையில் ஞாயிறு விடுமுறை இல்லை. பிறையைப் பார்த்து வரும் போயா என்ற பௌத்தப் புனித நாட்களே வார விடுமுறை. ஞாயிறு வேலைநாளானது. உங்கள் பகுதியில் வயதான கத்தோலிக்கர்களிடம் கேளுங்கள், நான் சொல்வதைவிட நிறையச் சொல்வார்கள். சமோவாவில் 2011 டிசம்பர் 30ஆம் திகதியே வரவில்லை. திகதிக் கோட்டின் மறுபக்கத்துக்கு மாறியதால் வியாழன் இரவு படுத்தவர்கள் சனிக்கிழமை எழுந்தார்கள். வராத வெள்ளிக்கும் சம்பளம் கொடுக்க வேண்டியிருந்தது. சம்பளம், வாடகை, வட்டி மூன்றையும் கதைக்குள் கொண்டுவாருங்கள். மந்திரத்தை நம்பாதவரும் வட்டிக் கணக்கை நம்புவார்.

கேள்வி: என் அப்பா மலையகத் தோட்டத்தில் பிறந்தவர். பாதி வாழ்க்கை நாடற்றவராகவே போனது. இழந்த ஆண்டுகளை ஒரு சட்டம் திருப்பிக் கொடுப்பதாகக் கதை எழுத ஆசை. எழுதலாமா?
– வாசகர், மட்டக்குளி

பதில்: எழுதுங்கள், கட்டாயம் எழுதுங்கள். 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் பெரும்பாலானோரை நாடற்றவர்களாக்கியது. 1964இல் இந்தியாவினதும் இலங்கையினதும் பிரதமர்கள் உட்கார்ந்து, இத்தனை இலட்சம் பேர் அங்கே, இத்தனை இலட்சம் பேர் இங்கே என்று பங்கு போட்டார்கள். 2003இல் வந்த சட்டம், 1964 ஒக்டோபர் 30 முதல் இங்கே நிரந்தரமாக வாழ்ந்த இந்திய வம்சாவளியினருக்கும் அவர்கள் வழிவந்தோருக்கும் பிரஜாவுரிமை தந்தது. திகதி பின்னே போனது. வாக்குப் போடாத தேர்தல்களும் பிரஜை இல்லை என்பதால் கிடைக்காமல் போன வேலைகளும் அதனோடு திரும்பி வரவில்லை.

உங்கள் கதையில் அவை திரும்பி வரட்டும். ஆனால் ஆண்டுகள் மொத்தமாக வந்து விழக்கூடாது. அப்பாவிடம் உட்கார்ந்து, எந்த ஆண்டில் என்ன கேட்டுப் போனார், யார் என்ன சொல்லித் திருப்பி அனுப்பினார்கள் என்று விசாரித்து எழுதிக்கொள்ளுங்கள். சட்டம் சொல்லப்படும்போது அந்த நாட்களை ஒவ்வொன்றாக, திகதியோடு சொல்ல வையுங்கள். அது எத்தனை பக்கம் போனாலும் பரவாயில்லை, நான் வாசிக்கிறேன்.