பழைய கோயில், கோட்டை பற்றிய ஆவணப்படத்துக்கு இசையமைக்க எங்கிருந்து தொடங்குவது?

இசையமைப்பைத் தொழிலாக எடுத்திருக்கும் தம்பி ஒருவர் இதைக் கேட்டிருக்கிறார். நான் திருகோணமலைக்காரன். ஊரில் நான் செய்த ஒரு பிழையிலிருந்தே சொல்கிறேன்.

கோணேசர் கோயில் பற்றிய சிறு படம் அது. 1622இல் போர்த்துக்கேயர் கோயிலை இடித்ததும், 1624இல் எழுந்த கோட்டைக்குள் கோயில் கற்கள் போனதும் அதில் வரும். நான் வீட்டிலிருந்தபடியே கீபோர்டில் மூன்று நிமிடத்துக்குச் சோகத்தைக் கொட்டினேன். இன்று பிரெட்ரிக் கோட்டை எனப்படும் அந்தக் கோட்டையின் வாசலில் இரட்டைக் கயல் செதுக்கிய கல் தெரியும்போது புல்லாங்குழல் அழும். எனக்கு நல்ல திருப்தி. போட்டுக் காட்டியபோது, கோயிலில் தேவாரம் பாடும் ஐயா ஒருவர் முடியும்வரை பேசாமல் இருந்தார். பிறகு கேட்டார்: "தம்பி, இது பூசை நடக்கிற கோயில். ஏன் செத்த வீடு மாதிரிக் கிடக்கு?"

அன்றிரவு தூக்கம் வரவில்லை. 1963இல் குடமுழுக்குக் கண்டு, இன்றும் மணி ஒலிக்கிற கோயிலை நான் இடிபாடாக மட்டுமே கேட்டிருக்கிறேன். பாரம்பரியம் என்ற சொல்லைக் கேட்டவுடன் ஒப்பாரிக்குப் போவது நம் துறையில் பலருக்கும் உள்ள பழக்கம்.

இத்தனைக்கும் கோயில் நிற்கும் அந்த மலைக்கென்று இசை முன்பே இருக்கிறது. சம்பந்தர் பாடிய கோணமலைப் பதிகத்தின் பண் புறநீர்மை. இன்று அதற்கு நெருக்கமாகச் சொல்லப்படும் ராகம் பூபாளம். நம் காதுக்குப் பூபாளம் என்றால் விடியல். இடித்த கதை வரும் இடத்திலும் அந்தச் சுரங்களையே மெதுவாக, கீழ்ச்சுதியில் வைத்தேன். அழுகை போய், பொறுத்திருக்கிற ஒரு குணம் வந்தது.

பதிகத்தில் குரைகடல் வருகிறது. அந்தக் கடலையும் பதிவு செய்ய விடியுமுன் மலைக்குப் போனோம். இராவணன் வெட்டு என்னும் பாறைப் பிளவின் பக்கம் மைக்கை நீட்டினால் காற்றுத்தான் விழும். கச்சான் வீசும் மாதங்களில் சொல்லவே வேண்டாம். காற்றிரைச்சலைத் தடுக்கும் மயிருறை போட்ட மைக்கைப் பாறை மறைவில் வைத்தபோதுதான், அலை அடியில் மோதும் கனத்த ஓசை தனியாகக் கிடைத்தது. பிறகு கோட்டை வாசல் வளைவுக்குள் ஒரு பலூனை உடைத்து எதிரொலியைப் பிடித்தோம். உள்ளே இராணுவம் இருப்பதால் காவலில் நின்றவரிடம் சொல்லி அனுமதி பெற்ற பிறகுதான். அந்த எதிரொலியை மென்பொருளில் ஏற்றினால், வீட்டில் மீட்டிய தம்புராவும் அந்தக் கல்லுக்குள் நின்று ஒலிக்கும். காசு கொடுத்து வாங்கும் எந்த ஒலித்தொகுப்பிலும் அது வராது.

வேலை நுட்பத்தில் ஒன்று மட்டும்: விவரணைக் குரல் ஓடும்போது புல்லாங்குழல், வயலின் மெட்டு வேண்டாம். மெய்யெழுத்துகள் தெளியும் 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் பகுதியில் கருவி ஏறினால் சொல் மங்கிவிடும்.

திருகோணமலைக்குப் பக்கத்திலுள்ள வெல்கம் விகாரைக்கு இசையமைப்பது இன்னும் கடினமாக இருந்தது. சோழர் காலத்தில் இராசராசப் பெரும்பள்ளி என்று பெயர் பெற்ற பௌத்தப் பள்ளி அது. தமிழ்க் கல்வெட்டுகள் உண்டு. தவில் வைத்தால் படம் ஒரு பக்கம் சாயும். விகாரை மேளம் வைத்தால் மறுபக்கம் சாயும். கமரா அந்த எழுத்துகளை மெல்லத் தடவிப் போகும் நாற்பது செக்கனுக்கு நாலு நாள் மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்துவிட்டு, எல்லாவற்றையும் எடுத்தேன். சருகில் காலடி, பூச்சிகளின் இரைச்சல் மட்டும் வைத்தேன். இயக்குநருக்குக் கொடுத்த இசைப் பட்டியலில் அந்த நாற்பது செக்கனுக்கும் மற்றவை போலவே ஓர் இலக்கமிட்டு எழுதிக் கொடுத்தேன்.