மஞ்சள் விதை வாங்கினேன், பச்சைக் காய் காய்த்தது

கேள்வி: மாடித் தோட்டத்துக்காகப் பச்சை சுக்கினி, மஞ்சள் சுக்கினி (பூசணி வகைக் காய்) என இரண்டு விதைப் பாக்கெட் இணையத்தில் வாங்கினேன். அடுத்தடுத்த பைகளில் நட்டேன். மஞ்சள் விதை போட்ட பைகளிலும் பச்சைக் காய்தான். விற்றவரோ, "பக்கத்தில் பக்கத்தில் நட்டதால் மகரந்தம் கலந்துவிட்டது, எங்கள் தவறில்லை" என்கிறார். அப்படி நடக்குமா?
– ஒரு வாசகி, கோவை

பதில்: நடக்காது. காயின் தோலும் சதையும் தாய்ச்செடியின் உடம்பு. எந்தப் பூவின் மகரந்தம் வந்து விழுந்தாலும், அது உள்ளே இருக்கும் விதைக்கு மட்டும்தான் போய்ச் சேரும். அந்த விதையை எடுத்து அடுத்த பட்டத்தில் போட்டால்தான் கலப்பு வெளியே தெரியும். உங்களிடம் சொன்ன காரணம் சுத்தமாகத் தவறு.

ஒன்றை மட்டும் பாருங்கள். மஞ்சள் காயில் பச்சைத் திட்டுகள் இருந்து, இலையும் சுருங்கியிருந்தால் அது தேமல் நோயாக இருக்கலாம். காய் முழுக்கப் பச்சை, நீங்களும் பை மாற்றி விதைக்கவில்லை என்றால், பாக்கெட்டில் இருந்ததே வேறு விதை.

பாக்கெட்டைத் தூக்கிப் போடாதீர்கள். அதிலுள்ள லாட் எண், பரிசோதனைத் தேதி, பில், காயோடு செடியின் படம் எல்லாம் வேண்டும். முதலில் விற்றவருக்கு எழுத்தில் அனுப்புங்கள். பதில் வராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அப்புறம் மாவட்ட நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. 2 ஆண்டுக்குள் போக வேண்டும். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே வழக்குப் போடலாம். மோசமான விதைக்காக விவசாயிகள் நுகர்வோர் மன்றத்துக்குப் போகலாம் என்று உச்ச நீதிமன்றம் 2012-லேயே சொல்லிவிட்டது. சில நூறு ரூபாய்தானே என்று விட வேண்டாம். நீங்கள் போட்ட மண்ணும் உரமும் இரண்டு மாத உழைப்பும் சேர்ந்துதான் வீணாகியிருக்கிறது.

சமைக்க மட்டும் என்றால் இரண்டு ரகத்தையும் தாராளமாகச் சேர்த்தே வளர்க்கலாம். ஆண் பூ கூடுதலாகக் கிடைப்பதால் காய் பிடிப்பதும் நன்றாக இருக்கும். ஆனால் விதை எடுத்து வைக்காதீர்கள். பாக்கெட்டில் எஃப்1 (இரண்டு ரகங்களைக் கலந்து எடுத்த முதல் தலைமுறை விதை) என்று போட்டிருந்தால், தனியாக வளர்த்தாலும் அதன் விதை தாயைப் போல வராது. எடுத்து வைத்த விதையில் வந்த காயைச் சமைக்கும் முன் ஒரு துண்டை நாக்கில் வைத்துப் பாருங்கள். கசந்தால் துப்பிவிட்டுக் காயையும் எறிந்துவிடுங்கள். அந்தக் கசப்பு வேக வைத்தாலும் போகாது, வாந்தி பேதியில் கொண்டுபோய் விடும்.